பதினோரு விநாடிகள்

என் கைப்பேசியில் பதினோரு விநாடிகளே ஓடும் ஒரு காணொளி இருக்கிறது. ஒன்றரை ஆண்டுகளாக அதை அழிக்க மனம் வரவில்லை. புரூக்ளினில் ஒரு வாடகை மண்டபத்தில், நள்ளிரவு கடந்து இரண்டு மணி ஆனபோது எடுத்தது. நீண்ட மேசைக்குப் பின்னால் ஏழு நடுவர்கள் அமர்ந்திருக்கிறார்கள். அவர்களுக்கு எதிரே, வெள்ளிநிறச் சட்டை அணிந்த, இருபது வயதுகூட நிரம்பாதவர்போலத் தெரியும் ஓர் இளைஞர் மணிக்கட்டுகளைச் சுழற்றியபடி வருகிறார். பிறகு குந்திய நிலையிலேயே துள்ளித் துள்ளி முன்னேறுகிறார். ஒரு சுற்றுச் சுற்றி, முதுகு தரையில் படும்படி மல்லாந்து விழுகிறார். ஆறு நடுவர்கள் '10' என்று எழுதிய அட்டையைத் தூக்குகிறார்கள். ஏழாமவர் அட்டையைத் தொடவேயில்லை. உள்ளங்கையைக் கத்திபோல வைத்துக் காற்றை ஒரு முறை வெட்டுகிறார். ஒலிவாங்கியோடு நிற்கும் காமெண்டேட்டர் "சாப்" என்று ஒரே சொல்லில் அறிவிக்கிறார். இளைஞர் எழுந்து, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு, வந்த வழியே திரும்புகிறார். அவருடைய தோள்பட்டைத் தையலில் ஓர் ஊக்கு மின்னுவதோடு காணொளி முடிகிறது.

என்னை அங்கே அழைத்துச் சென்றவர் என்னோடு பணிபுரியும் நண்பர். அந்தச் சட்டையில் ஒட்டியிருந்த கண்ணாடிச் சில்லுகளை அந்த இளைஞரே இரண்டு மாதமாக இரவு வேலை முடிந்து வந்து ஒவ்வொன்றாக ஒட்டினார் என்று அவர்தான் சொன்னார். நியூயார்க்கின் கறுப்பின, லத்தீன் அமெரிக்க ஒருபாலீர்ப்பாளர்களும் திருநங்கைகளும் உருவாக்கிய 'பால்ரூம்' என்ற போட்டி உலகின் விதி அது: முதல் சுற்றில் எல்லா நடுவர்களும் பத்து கொடுத்தால்தான் அடுத்த சுற்றில் இன்னொருவரோடு மோதலாம், ஒரே ஒரு சாப் விழுந்தாலும் ஆட்டம் முடிந்தது. விதி புரிந்தது. ஆனால், வீட்டுக்குத் திரும்பும் ரயிலில் எனக்குக் கோபம் அடங்கவில்லை. பெற்றோர் விரட்டியவர்கள், பள்ளியில் அடிவாங்கியவர்கள், வேலை மறுக்கப்பட்டவர்கள், தெருவில் நடந்தால் ஏளனம் கேட்டவர்கள் தங்களுக்கென்று ஓர் இடத்தைக் கட்டியிருக்கிறார்கள். ஊரெல்லாம் தீர்ப்புச் சொல்லி ஒதுக்கிய மனிதர்கள், தங்கள் சொந்த இடத்தின் நட்டநடுவில் எதற்காக ஒரு நடுவர் மேசையைப் போட்டார்கள்? அன்போடு ஆடிவிட்டுப் போக வேண்டிய இடத்தில் இந்தக் கடுமை எதற்கு? அங்கே ஆடப்படும் வோகிங் என்ற நடனத்தைப் பற்றி எழுத வேண்டும் என்று நினைத்தபோதெல்லாம் இந்தக் கேள்விதான் குறுக்கே வந்து நின்றது.

சொற்களைப் பற்றி ஒரு வரி. இந்தப் போட்டி இரவுகளை அவர்கள் 'பால்' என்கிறார்கள். அந்த உலகம் முழுவதற்கும் பெயர் பால்ரூம். தமிழில் எழுதும்போது அந்தச் சொல் ஆண்பால், பெண்பால் என்று நாம் இலக்கணத்தில் படித்த சொல்லாகவே வந்து விழுகிறது. ஒலி தற்செயலாக ஒத்துப்போனதுதான் என்றாலும், எனக்கு அதை மாற்ற விருப்பமில்லை.

நீதிபதியும் நடுவரும்

இந்த வரலாற்றில் நடுவருக்கு முன்பே நீதிபதி வந்துவிடுகிறார். மேரிலாந்தில் அடிமையாகப் பிறந்த வில்லியம் டார்சி ஸ்வான், 1880களில் வாஷிங்டன் நகரில் பெண்ணுடை அணிந்த ஆண்கள் கூடி ஆடும் விருந்துகளை நடத்திவந்தார். அவரை அவருடைய நண்பர்கள் 'ராணி' என்றே அழைத்தார்கள். 1888 ஏப்ரலில் அப்படி ஒரு விருந்துக்குள் காவல்துறை நுழைந்தபோது, மற்றவர்கள் தப்பி ஓடுவதற்காக அவர் வாசலில் நின்று மல்லுக்கட்டினார், பட்டுக் கவுன் கிழிந்தது, கைதானார். 1896இல் 'ஒழுங்கீனமான வீடு' நடத்தியதாகத் தண்டிக்கப்பட்டபோது, குடியரசுத் தலைவர் குரோவர் கிளீவ்லேண்டுக்கே மன்னிப்பு கேட்டு மனு அனுப்பினார். மனு தள்ளுபடியானது.

நியூயார்க்கில் சட்டம் இன்னும் விசித்திரமான வழியில் வந்து சேர்ந்தது. 1840களில் ஹட்சன் ஆற்றுப் பள்ளத்தாக்கின் குத்தகை விவசாயிகள், நிலவாடகைக்கு எதிராகப் போராடியபோது முகமூடியும் பூப்போட்ட துணியில் தைத்த அங்கியும் அணிந்து வந்து அதிகாரிகளை விரட்டினார்கள். அவர்களை ஒடுக்க 1845இல் மாறுவேடத்துக்கு எதிராக ஒரு சட்டம் இயற்றப்பட்டது. விவசாயிகளின் போராட்டம் ஓய்ந்த பிறகும் சட்டம் புத்தகத்தில் கிடந்தது. முகத்தில் சாயம் பூசிய ஆணையும், கால்சட்டை அணிந்த பெண்ணையும் பிடித்துப்போக அடுத்த நூற்றாண்டு வரை அது காவலர்களுக்குப் பயன்பட்டது. ஒருவர் என்ன உடுத்தியிருக்கிறார் என்று தெருவில் நிறுத்திப் பார்த்து, அதன்மேல் தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் ஒரு காவலரின் கண்ணுக்கு இருந்தது என்பதைக் கவனத்தில் வைத்துக்கொண்டால், பிறகு வந்தவை தெளிவாகப் புரியும்.

இந்தச் சட்டம் இருந்த அதே நகரத்தில், ஹார்லெமில் ஹாமில்டன் லாட்ஜ் என்ற கறுப்பினச் சங்கம் 1869 முதலே மாறுவேட நடன விழாவை நடத்திவந்தது. 1920களில் ராக்லேண்ட் பேலஸ் அரங்கில் ஆயிரக்கணக்கானோர் திரண்டார்கள். வெள்ளையர்கள் மாடத்தில் அமர்ந்து வேடிக்கை பார்க்கக் கட்டணம் கொடுத்தார்கள். அரங்கத்துக்குள் ஆடையைப் பார்த்துக் கைதட்டினார்கள். வாசலைத் தாண்டினால் அதே ஆடைக்காகக் கைது. நடுவரும் காவலரும் ஒரே இரவில், ஒரே கதவின் இரண்டு பக்கத்திலும் நின்றிருந்தார்கள்.

டவுன் ஹால், 1967

நான் திரும்பத் திரும்பப் போய் நிற்கும் இடம் வேறு. 1967இல், மன்ஹாட்டனின் டவுன் ஹால் அரங்கில், பெண்வேடமிட்ட ஆண்களுக்கான அழகிப் போட்டி ஒன்று நடந்தது. நாட்டின் பல நகரங்களிலிருந்து போட்டியாளர்கள் வந்திருந்தார்கள். நடத்தியவர் ஃப்ளாலெஸ் சப்ரினா. நடுவர்களில் ஒருவர் ஓவியர் ஆண்டி வார்ஹால். இந்தப் போட்டியைப் படமெடுத்தவர்கள் அடுத்த ஆண்டு அதைத் திரைக்குக் கொண்டுவந்ததால், அன்று மேடைக்குப் பின்னால் நடந்ததை இன்றும் கண்ணால் பார்க்க முடிகிறது. ஃபிலடெல்பியாவிலிருந்து வந்த ஹார்லோ என்ற இளம் வெள்ளையினப் போட்டியாளருக்கு மகுடம் போகிறது. மன்ஹாட்டனைப் பிரதிநிதித்துவப்படுத்திய கிறிஸ்டல் லபேஜா என்ற கறுப்பினப் போட்டியாளர், முடிவு அறிவிக்கப்பட்டதும், அங்கே அசையாமல் நின்று புன்னகைக்க வேண்டிய நேரத்தில், திரும்பி மேடையைவிட்டு இறங்கிவிடுகிறார்.

அதற்குப் பிறகு ஒப்பனை அறையில் வரும் சில நிமிடங்களை நான் எத்தனை முறை பார்த்திருப்பேன் என்று கணக்கில்லை. கிறிஸ்டல் அழவில்லை. தலையில் உயர்த்திக் கட்டிய கூந்தல் கலையாமல், காதணிகள் ஆட ஆட, போட்டி முன்பே முடிவுசெய்யப்பட்டது என்கிறார். வழக்குத் தொடுப்பேன் என்கிறார். தன் நிறத்தைக் காட்டத் தனக்கு உரிமை உண்டு என்கிறார். தான் அழகி, அது தனக்குத் தெரியும் என்கிறார். சுற்றி நிற்பவர்கள் அவரை அடக்கப் பார்க்கிறார்கள். தோற்றவருக்கு உரிய மரியாதையான மௌனத்தை அவரிடமிருந்து எதிர்பார்க்கிறார்கள். அந்தக் காலப் போட்டிகளில் பரிசு வேண்டுமானால் கறுப்பினத்தவர் முகத்தை வெளிறச் செய்துகொள்ள வேண்டும் என்பது எழுதப்படாத விதி. அவர் அந்த மேசையின் அளவுகோலுக்குள் பல ஆண்டுகள் நின்று பார்த்தவர், வென்றும் இருக்கிறார். ஆகவே, அவருடைய கோபத்தை ஒரு தோல்வியின் கசப்பு என்று ஒதுக்கிவிட முடியாது.

முதலில் பார்த்தபோது, இந்தக் காட்சியைப் போட்டிக்கு எதிரான குரலாகவே நான் எடுத்துக்கொண்டேன். போட்டியே வேண்டாம், மதிப்பெண்ணே வேண்டாம் என்று ஒருவர் எழுந்து போகிறார் என்று நினைத்தேன். அது என் விருப்பம். கிறிஸ்டல் சொன்னது அதுவல்ல. அவர் நடுவர்களை வேண்டாம் என்று சொல்லவேயில்லை. இந்த நடுவர்கள் என்னைப் பார்க்கவில்லை என்பதுதான் அவர் சொன்னதன் சாரம். ஒருவர் மேடையில் நடந்து முடிக்கும்வரை அவரை உண்மையாகப் பார்த்துவிட்டு மதிப்பெண் குறைப்பது ஒன்று. அவர் நடக்கத் தொடங்கும் முன்பே தோலைப் பார்த்துக் கணக்கை முடித்துவிடுவது இன்னொன்று. அந்த வேறுபாட்டுக்காகத்தான் அவர் இறங்கினார் என்று புரிந்துகொள்ள எனக்கு நெடுநாள் பிடித்தது.

1972இல், லாட்டி என்ற தோழியின் தூண்டுதலால், கிறிஸ்டல் ஹார்லெமின் மேற்கு 115ஆவது தெருவில் கறுப்பினத்தவருக்காகவே ஒரு பால் நடத்தினார். அழைப்பில் 'ஹவுஸ் ஆஃப் லபேஜா' என்று போட்டார்கள். ஐரோப்பிய ஆடை நிறுவனங்கள் தங்களை 'ஹவுஸ்' என்று அழைத்துக்கொண்ட அதே சொல். ஆனால், இங்கே அதற்கு அந்தச் சொல்லின் முதல் பொருளும் திரும்பி வந்தது. வீட்டைவிட்டு விரட்டப்பட்டவர்களுக்கு அது வீடு. வீட்டுக்கு ஓர் அம்மா, சில வீடுகளில் ஓர் அப்பாவும். பிள்ளைகள் வீட்டின் பெயரைத் தங்கள் பெயருக்குப் பின்னால் போட்டுக்கொண்டார்கள். கோரி, டுப்ரீ, எபனி, பென்டாவிஸ் என்று வீடுகள் பெருகின. லத்தீன் அமெரிக்க இளைஞர்களுக்கென்று 1982இல் எக்ஸ்ட்ராவகான்சா வந்தது. அதன் அம்மாவாக இருந்த திருநங்கை ஆஞ்சி, தெருவில் நின்ற பிள்ளைகளை அழைத்துவந்து சோறு போட்டு, பிறந்தநாள் கொண்டாடி, பாலுக்கு உடுத்திவிட்டவர். எய்ட்ஸ் தொடர்பான நோயால் 1993இல் அவர் இறந்தபோது வயது 28தான்.

அசையாமல் நிற்பது

வோகிங் பிறந்த கதையை ஒருவர் சொல்வதுபோல் இன்னொருவர் சொல்வதில்லை. கிழக்கு 14ஆவது தெருப் பக்கம் இருந்த ஒரு நள்ளிரவு விடுதியில் டுப்ரீ வீட்டின் பாரிஸ் டுப்ரீ என்ற கலைஞர் தன் பையிலிருந்து 'வோக்' என்ற ஃபேஷன் இதழை எடுத்து, ஆடிக்கொண்டே பக்கத்தைப் புரட்டி, அதில் மாடல் நின்றதுபோலத் தாளத்தின் அடியில் நின்றார். அடுத்த பக்கம், அடுத்த நிலை. எதிரே இருந்தவர் பதிலுக்கு இன்னொரு நிலையில் நின்றார் என்பது பலர் சொல்லும் கதை. ரைக்கர்ஸ் தீவுச் சிறையில் இருந்த ஒருபாலீர்ப்பாளர்கள் ஒருவரையொருவர் கவரவும் சீண்டவும் எடுத்த நிலைகளிலிருந்து வந்தது என்பது இன்னொரு கதை. இரண்டில் எது சரி என்பதைவிட, இரண்டிலும் பொதுவாக இருக்கும் ஒன்று எனக்கு முக்கியமாகப் படுகிறது. இரண்டிலும் ஒருவர் தனியாக ஆடவில்லை. எதிரே இன்னொருவர் நிற்கிறார். நடனம் அந்த எதிராளியின் கண்ணை நோக்கியே செய்யப்படுகிறது.

வில்லி நிஞ்சா இதை மிகத் தெளிவாகச் செய்துகாட்டியவர். குயின்ஸ் பகுதியில் வளர்ந்து, வோகிங்கை உலக மேடைகளுக்குக் கொண்டுபோன கலைஞர்; ஜிம்னாஸ்டிக்ஸ், கிழக்காசியத் தற்காப்புக் கலை, எகிப்தியச் சுவரோவியங்களில் உள்ள கோணல் கை, ஹாலிவுட் நடனக் கலைஞர் ஃபிரெட் அஸ்டேரின் வழுக்கு நடை என்று எதைப் பார்த்தாலும் தன் உடலுக்கு மொழிபெயர்த்துக்கொண்டவர். அவர் காட்டும் ஓர் அபிநயம் உண்டு. இல்லாத ஒப்பனைப் பெட்டியை ஒரு கையில் திறக்கிறார். கன்னத்தில் பொடி தடவுகிறார், புருவத்தைத் தீட்டுகிறார், உதட்டை ஒற்றிக்கொள்கிறார்; எல்லாம் தாளத்துக்குள். கடைசியில் அந்தக் கையைத் திருப்பி, கண்ணாடியை எதிராளியின் முகத்துக்கு நேராகப் பிடிக்கிறார். உன் முகத்தை நீயே பார்த்துக்கொள், வேலை பாக்கியிருக்கிறது என்று பொருள். பால்ரூமில் இதற்கு 'ஷேட்' என்று பெயர். கைகலப்பில் முடிய வேண்டிய பகை ஆட்டத்தில் முடிகிறது என்று அவர்கள் சொல்வதை நான் அப்படியே நம்புகிறேன். ஆனால், என் கேள்விக்கு அதில் இன்னொன்று கிடைத்தது. பழகியவர்தான் அந்தக் கண்ணாடியைப் பிடிக்க முடியும். எதிரே நிற்பவருடைய புருவத்தின் எந்த முனை கலைந்திருக்கிறது என்று தெரிந்தால்தான் அந்தக் கேலி செல்லும்.

அந்தப் பழைய பாணியில், அதாவது ஓல்ட் வேயில், நேர்க்கோடுகளும் கோணங்களும் ஆட்சி செய்தன. பிறகு மூட்டுகளை வளைத்து முறுக்கும் நியூ வே வந்தது. 1990களின் நடுவில் திருநங்கை ஆட்டக்காரர்களின் நளினத்தை ஆண் ஆட்டக்காரர்கள் எடுத்து ஆடத் தொடங்க, இன்று மேடைகளில் அதிகம் காணப்படும் வோக் ஃபெம் வளர்ந்தது. கை ஆட்டம், கேட்வாக், குந்தி நடக்கும் டக்வாக், சுழற்சியும் டிப்பும், தரை ஆட்டம் என்று ஐந்து கூறுகள். மல்லாந்து விழுவதைத்தான் டிப் என்கிறார்கள். வெளியுலகம் அதற்கு வைத்திருக்கும் பெயர்களைச் சொன்னால் பால்ரூமில் இருப்பவர்கள் உடனே திருத்துவார்கள். இந்த டிப்புக்குப் பின்னர் வருகிறேன்.

தெருவின் மதிப்பெண்

போட்டிப் பிரிவுகளில் 'ரியல்னஸ்' என்று ஒன்று உண்டு. அலுவலக அதிகாரி, பள்ளி மாணவர், படைவீரர், தெருமுனைப் பையன், சாதாரணமாகக் கடைக்குப் போகும் பெண் என்று ஏதேனும் ஒன்றாக வந்து நிற்க வேண்டும். வேடம் தெரியக் கூடாது. வெளியிலிருந்து பார்ப்பவர்கள் இதைப் பணக்காரர்களையும் வெள்ளையர்களையும் பார்த்துப் போலச்செய்யும் ஏக்கம் என்று எழுதுகிறார்கள். ஏக்கம் அதில் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால், ஜென்னி லிவிங்ஸ்டன் 1980களின் பின்பாதியில் படமாக்கி, 1991இல் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் முதன்மைப் பரிசு பெற்ற 'பாரிஸ் இஸ் பர்னிங்' என்ற ஆவணப்படத்தில், டோரியன் கோரி என்ற மூத்த கலைஞர், கண்ணாடி முன் அமர்ந்து நிதானமாக ஒப்பனை செய்துகொண்டே, இந்த வகைக்கு ஒரு விளக்கம் தருகிறார். பாலிலிருந்து வெளியேறி, அதே உடையில் ரயிலேறி, உடலில் ரத்தம் இல்லாமல் வீடு சேர முடிந்தவர்களே ரியல்னஸின் ராணிகள் என்பது அதன் சாரம். தேறாவிட்டால் என்ன நடக்கும் என்பதைத் தெரிந்தவர்கள் நடத்தும் பயிற்சித் தேர்வு அது. வாய்ப்பு இரண்டாவது முறை கிடைக்காத தேர்வுக்கு, திரும்பத் திரும்ப வாய்ப்பு கிடைக்கும் இடத்தில் பயிற்சி எடுக்கிறார்கள்.

அந்தப் படத்தில் தன் கனவுகளைச் சிரித்துக்கொண்டே சொல்லும் வீனஸ் எக்ஸ்ட்ராவகான்சா, படப்பிடிப்பு முடிவதற்குள் 1988 டிசம்பரில் ஒரு விடுதி அறையில் கொல்லப்பட்டுக் கிடந்தார். வயது 23. கொன்றவர் இன்றுவரை நீதிமன்றத்தில் நிறுத்தப்படவில்லை. 2023 ஜூலை 29 இரவு, கடற்கரைக்குப் போய்விட்டுத் திரும்பிய நண்பர்கள் புரூக்ளினில் ஒரு பெட்ரோல் நிலையத்தில் வண்டியை நிறுத்தினார்கள். எண்ணெய் நிரம்பும்வரை பியான்சேயின் பாடல்களுக்கு ஆடினார்கள். அவர்களில் ஒருவரான ஓ'ஷே சிப்லி, 28 வயது, முறையாக நடனம் பயின்றவர், வோகிங் ஆடிக்கொண்டிருந்தார். ஆடுவதை நிறுத்தச் சொல்லி ஒரு கூட்டம் வம்புக்கு வந்தது. சிப்லி கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். சில நாட்களில் நூற்றுக்கணக்கானோர் அதே பெட்ரோல் நிலையத்தில் கூடினார்கள். எண்ணெய்க் குழாய்களுக்கு இடையே, அதே சிமெண்ட் தரையில், அவருக்காக வோகிங் ஆடினார்கள். நான் அங்கே போகவில்லை. செய்தியில் படங்களைப் பார்த்தேன். என் வீட்டிலிருந்து ஒரு மணிநேரத் தொலைவில் நடந்தது.

உலகம் இந்த நடனத்துக்கு மதிப்பெண் போட்ட விதத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1990இல் மடோனாவின் பாடல் வந்தபோது, அதன் காணொளியில் ஆடியவர்களிலும் அசைவுகளை வகுத்தவர்களிலும் எக்ஸ்ட்ராவகான்சா வீட்டின் ஹோசேயும் லூயிஸும் இருந்தார்கள். பாடலில் பழைய ஹாலிவுட் நட்சத்திரங்களும் ஒரு பேஸ்பால் வீரருமாகப் பதினாறு பேரின் பெயர் வருகிறது. ஹார்லெமின் ஒரு பெயர்கூட இல்லை. ஆவணப்படம் வசூலித்த பின்னர், அதில் தோன்றியவர்களில் பதின்மூன்று பேருக்குச் சுமார் 55,000 டாலர் பிரித்துக் கொடுக்கப்பட்டது. படத்துக்குப் பெயர் தந்ததே பாரிஸ் டுப்ரீ நடத்திவந்த பாலின் பெயர்தான். இதைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். எனக்குச் சொல்ல இருப்பது ஒன்றுதான்: வெளியே போனது நிலைகள் மட்டுமே. நடுவர் மேசை வெளியே போகவில்லை. அதனால் வெளியே யார் வேண்டுமானாலும் வோகிங் ஆடலாம். தவறாக ஆடினால் தவறு என்று சொல்ல அங்கே ஒருவரும் இல்லை.

பால்ரூமின் தராசு எல்லாம் நேர்மையானது என்று நான் வாதாடவில்லை. முகத்துக்கும் உடலுக்கும் தனிப் பிரிவுகள் உண்டு; அங்கே வெளிறிய தோலுக்கும் மெலிந்த இடைக்கும் கூடுதல் கை தட்டப்படுவதை என் கண்ணால் பார்த்திருக்கிறேன். எந்த அளவுகோலை எதிர்த்து கிறிஸ்டல் இறங்கிப்போனாரோ, அதன் ஒரு துண்டு அவர் கட்டிய வீட்டுக்குள்ளும் வந்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. இது எனக்கு வருத்தம் தருகிறது. அந்த வருத்தம் தீரவில்லை.

நான்காவது அடி

கடந்த குளிர்காலத்தில், மன்ஹாட்டனில் ஒரு மாலை வகுப்பில் சேர்ந்தேன். ஆடும் ஆசையால் அல்ல, பார்க்கக் கற்றுக்கொள்ள. நாற்பத்திரண்டு வயதில் டக்வாக் என் முழங்கால்களுக்கு ஒத்துவரவில்லை. ஆனால், ஆசிரியர் முதல் இரண்டு வாரங்கள் எங்களை ஆடவே விடவில்லை. தரையில் உட்காரவைத்து, 1991இல் மாஸ்டர்ஸ் அட் வொர்க் என்ற இருவர் அணி வெளியிட்ட 'தி ஹா டான்ஸ்' இசையைப் போட்டார். அதில் ஒரு மனிதக் குரல் 'ஹா' என்று வெட்டி வெட்டி வருகிறது. நான்கு அடிக்கு ஒரு முறை, பெரிய தட்டு ஒன்றைத் தரையில் போட்டதுபோல ஓர் ஓசை. அதற்குக் 'கிராஷ்' என்று பெயர். உங்கள் உடலில் நடக்கும் பெரிய விஷயம் அந்த ஓசையில்தான் நடக்க வேண்டும் என்றார் ஆசிரியர். சுழற்சி அதற்கு முன், விழுவது அதில், தலை வளைந்து தரையைத் தொடுவதும் அதில். முந்தினால் நீங்கள் பயந்துவிட்டீர்கள் என்று தெரிந்துவிடும். பிந்தினால் நீங்கள் கேட்கவில்லை என்று தெரிந்துவிடும். கண்ணை மூடிக்கொண்டு, மூன்று அடிகளுக்குச் சும்மா இருந்து, நான்காவதில் மட்டும் உள்ளங்கையால் தரையைத் தட்டச் சொன்னார். பன்னிரண்டு பேரில் பாதிப்பேர் முந்திக்கொண்டோம். நானும்தான்.

இரண்டாம் வாரம் வகுப்பு முடிந்து ரயிலில் வரும்போது அந்தக் காணொளியை எடுத்தேன். அதுவரை அதை நூறு முறை பார்த்திருப்பேன். ரயிலிலும் அலுவலகத்திலும் பார்த்ததால் எப்போதும் ஒலியை அணைத்தே பார்த்திருக்கிறேன். அன்று காதில் கருவியை மாட்டிக்கொண்டு ஒலியோடு ஓட்டினேன். கைகள் சுழல்கின்றன, துள்ளல், சுற்று. முதுகு தரையில் மோதும் ஓசை கேட்கிறது. அதற்குப் பிறகு, கண்ணிமைக்கும் இடைவெளி விட்டு, கிராஷ். மறுபடி ஓட்டினேன். மறுபடியும் முதுகு முந்துகிறது. அரை அடிகூட இருக்காது. அந்த இரைச்சலில், அதிகாலை இரண்டு மணிக்கு, எத்தனையோ பேர் ஆடி முடித்த பிறகு, ஏழாவது நாற்காலியில் இருந்தவருக்கு அது கேட்டிருக்கிறது. வெள்ளிச் சட்டையைப் பார்த்து, பின்னால் இருந்த கூட்டத்தின் ஆரவாரத்தைக் கேட்டு, மற்ற ஆறு பேரும் பத்து தூக்கியதைக் கண்டு, தானும் ஒரு பத்தைத் தூக்கிவிட்டு அவர் வீட்டுக்குப் போயிருக்கலாம். அவர் அந்த இளைஞரை விழும் கணம்வரை பார்த்திருக்கிறார்.

அந்த இரவில் இன்னொன்றையும் கண்டேன். அன்று அதன் பொருள் எனக்கு எட்டவில்லை. சாப் விழுந்த சற்று நேரத்தில், மண்டபத்தின் வெப்பம் தாங்காமல் பின்பக்கப் படிக்கட்டுக்குப் போனேன். குழல்விளக்கு ஒன்று விட்டுவிட்டு எரிந்துகொண்டிருந்தது. கீழ்த்தளத்தில் அந்த இளைஞரும், ஐம்பதைத் தாண்டிய ஒரு திருநங்கையும் நின்றிருந்தார்கள். இளைஞர் அவரை "மதர்" என்று அழைத்ததிலிருந்து வீட்டின் அம்மா என்று ஊகித்தேன். அவர் ஆறுதல் சொல்வார், தோளில் கைபோடுவார், நடுவரைத் திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். எதுவும் செய்யவில்லை. வாயில் ஊசியைக் கவ்வியபடி, இளைஞரின் தோள்பட்டையில் இருந்த ஊக்கைக் கழற்றித் தன் பையில் போட்டுக்கொண்டு, பிரிந்த தையலை நாலு இழுப்பில் மூட்டினார். நூலைப் பல்லால் கடித்து அறுத்தார். பிறகு, "நீ முந்திவிட்டாய்" என்றார். இளைஞர் தலையைக் குனிந்து "தெரியும், மதர்" என்றார்.

அம்மா தன் குளிர்கால மேலங்கியைக் கழற்றினார். கறுப்பு நிறம், முழங்காலுக்குக் கீழ் இறங்கும் நீளம், உள்ளே பஞ்சு வைத்துத் தைத்தது. அதை வெறும் சிமெண்ட் தரையில் விரித்தார். ஓரங்களைக் காலால் நீவிவிட்டார். கழுத்துப்பட்டை இருந்த பக்கத்தை இரண்டாக மடித்து, தலை வந்து விழும் இடத்தில் தடிமனாக வைத்தார். கதவுக்கு அப்பால் இசை ஓடிக்கொண்டிருந்தது. இங்கே அடி மட்டும் சுவரில் அதிர்ந்தது. அவர் இரண்டு படி மேலேறி உட்கார்ந்து, தாளத்தை விட்டுவிட்டுத் தன் கையால் தட்டத் தொடங்கினார். ஒன்று. இளைஞர் தோளை நிமிர்த்தினார். இரண்டு. கைகள் காதோரம் ஏறின. மூன்றில் சுற்றினார், அப்படியே ஒற்றைக்காலில், மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். அம்மாவின் கைகள் காற்றில் பிரிந்து, சேராமல், வழக்கத்தைவிடச் சற்றே அதிகமாகக் காத்திருந்தன. இளைஞர் முந்தவில்லை. கைகள் சேர்ந்தபோது அவர் முதுகு மேலங்கியின்மேல் இருந்தது.

"மறுபடி" என்றார் அம்மா.